வ.உ.சி.யை எதற்காகத் தண்டித்தார்கள்?

மல்லாங்கிணற்றில் எங்கள் பகுதி இளைஞர்கள் நடத்தும் படிப்பகத்தில் ஒரு சுதந்திர தினத்தன்று மாலை 'கப்பலோட்டிய தமிழன்' தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டிருந்தது. கல்லூரி மாணவர்களும் நூற்பாலை வேலை முடித்து வந்த பெண்களும் சில பெரியவர்களும் உட்கார்ந்திருந்தனர். சிவாஜி கணேசன் செக்கிழுக்கும் காட்சியில் பெரியவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டனர். அப்போது சட்டம் படிக்கும் மாணவி ஒருவர் எங்களிடம் ஒரு கேள்வி கேட்டார். இந்த மனிதரின் படத்தை ஊருக்கு ஊர் சாதிச் சங்கப் பதாகைகளில்தான் பார்க்கிறோம், பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் வேறு இருக்கிறது, இவருக்காக நாம் ஏன் அழ வேண்டும் என்றார்.

கேட்கப்பட வேண்டிய கேள்விதான் அது. அன்று எங்களிடம் இருந்த பதில் அரைகுறையானது. அதன் பிறகு வழக்கறிஞர்களாகிய நாங்கள் அந்த வழக்கின் வரலாற்றை வரிசைப்படுத்திப் படித்தோம். இந்தக் கட்டுரை அந்த மாணவிக்கு நாங்கள் தாமதமாகச் சொல்லும் பதில்.

பி.ஆர். பந்துலு இயக்கிய அந்தப் படம் 1961 நவம்பரில் வெளிவந்தது. ம.பொ. சிவஞானம் எழுதிய வாழ்க்கை வரலாற்றை அடிப்படையாகக் கொண்டது. அதற்கு முந்தைய ஆண்டு, 1960இல், இங்கிலாந்தின் கிரனாடா தொலைக்காட்சி அயர்லாந்துக் கிளர்ச்சித் தலைவர் ரோஜர் கேஸ்மெண்ட் மீதான தேசத்துரோக வழக்கை நாடகமாக்கி ஒளிபரப்பியது. கேஸ்மெண்ட் நமக்கு முற்றிலும் அந்நியரல்லர். ஆப்பிரிக்காவின் காங்கோவிலும் தென்னமெரிக்காவின் புட்டுமாயோவிலும் ரப்பர் கம்பெனிகள் பழங்குடி மக்களை அடித்தும் கொன்றும் வேலை வாங்கியதை விசாரித்து அறிக்கை எழுதியவர் அவர். அதற்காக அவருக்குப் பட்டம் கொடுத்த அதே அரசு, அயர்லாந்து விடுதலைக்காக ஜெர்மனியின் உதவியை நாடியபோது 1351ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றைத் தூசு தட்டி எடுத்து, 1916 ஆகஸ்ட் 3 அன்று அவரைத் தூக்கிலிட்டது. அந்தச் சட்டத்தின் ஒரு சொற்றொடர் எந்தச் சொல்லோடு சேர்கிறது என்ற இலக்கண வாதத்தில்தான் அவருடைய உயிர் தொங்கியது. அதனால்தானோ என்னவோ, அவருடைய கதையை நாடகமாக்க விரும்புகிறவர்களுக்கு நீதிமன்றக் கூண்டே போதுமான மேடையாகிவிடுகிறது. நம்முடைய படமோ மனத்தில் கப்பலையும் செக்கையும் நிறுத்திவிட்டுப் போகிறது. இரண்டுக்கும் நடுவே ஒரு நீதிமன்றம் இருந்தது. அந்த நீதிமன்றத்துக்கு முன்னால் ஒரு பஞ்சாலை வாசல் இருந்தது. பார்க்க வேண்டியது அங்கேதான்.

வ.உ. சிதம்பரனார் 1872 செப்டம்பர் 5 அன்று ஒட்டப்பிடாரத்தில், நிலமும் வசதியும் உள்ள சைவ வேளாளர் குடும்பத்தில் பிறந்தார். தந்தை உலகநாதர் வழக்கறிஞர். மகனும் பிளீடர் தேர்வு எழுதித் தேறி ஒட்டப்பிடாரத்திலேயே தொழில் தொடங்கினார். தந்தையிடம் வசதி படைத்தவர்களின் வழக்குகள் வந்தன. மகனோ காசில்லாதவர்களின் பக்கம் நின்றார். போலீஸ் தொடுத்த குற்ற வழக்குகளை உடைப்பதில் பெயர் வாங்கியதால் உள்ளூர் அதிகாரிகளின் பகையும் சேர்ந்தது. அந்தப் பகை முற்றிய பிறகுதான் 1900இல் அவர் தூத்துக்குடிக்குத் தொழிலை மாற்றிக்கொண்டார்.

ஒட்டப்பிடாரத்துக் காலத்தில் நடந்த ஒன்றை அவருடைய சுயசரிதை பதிவு செய்திருக்கிறது. இராமையா தேசிகர் என்ற துறவி, தமிழறிந்தவர், பார்வையற்றவர், தலித். அவரைச் சிதம்பரனார் தம் வீட்டில் தங்கவைத்து உணவளித்தார். உறவும் ஊரும் பொங்கின. தீட்டு என்றார்கள், விலக்கிவைப்போம் என்றார்கள். சிதம்பரனார் மனைவி வள்ளியம்மையிடம் கருத்துக் கேட்டார். வள்ளியம்மை ஊருக்கு அஞ்சவில்லை. தம் கையாலேயே தேசிகருக்கு உணவு படைத்தார். அந்த அம்மையார் இளம் வயதிலேயே இறந்துபோனார். வரலாற்று நூல்களில் அவருக்குக் கிடைத்திருப்பது சில வரிகள்தான். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில், கரிசல் காட்டுக் கிராமம் ஒன்றில், வேளாளர் வீட்டுக்குள் ஒரு தலித் உட்கார்ந்து சாப்பிட்டார் என்பதன் எடையை இன்றும் தனிக்குவளைக்கு எதிராகப் புகார் எழுதிக்கொண்டிருக்கும் நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. வீட்டின் பெரியமனத்தைப் புகழ்வதோடு நிறுத்திக்கொள்ளவும் கூடாது. எல்லாருடைய வசவுக்கும் நடுவில் அந்த வீட்டில் தங்கிய தேசிகரின் துணிச்சலும் அதில் இருக்கிறது.

அடுத்தது கப்பல். 1906 அக்டோபர் 16 அன்று சுதேசி நாவாய்ச் சங்கம் பதிவானது. மூலதனம் 10 இலட்சம் ரூபாய். 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். அதன் தலைவர் நம் பக்கத்து ஊரான பாலவநத்தம் ஜமீன்தார் பாண்டித்துரைத் தேவர். ஹாஜி முகமது பக்கீர் சேட் மட்டும் 2 இலட்சம் ரூபாய்க்குப் பங்கு வாங்கினார். காலியா, லாவோ என்ற இரு கப்பல்கள் வந்தன. ஒவ்வொன்றிலும் முதல் வகுப்பில் 42 பேர், இரண்டாம் வகுப்பில் 24 பேர், சாதாரண வகுப்பில் 1,300 பேர் பயணம் செய்யலாம்.

கடைசி எண்ணைக் கவனியுங்கள். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே ஓடிய கப்பலின் வருமானம் வெயிலிலும் உப்புக்காற்றிலும் தளத்தில் உட்கார்ந்து சென்றவர்களிடமிருந்து வந்தது. மழை பொய்த்த ஆண்டுகளில் தேயிலைத் தோட்டத்துக்குப் போன தென்மாவட்டக் கூலிகள் அந்தக் கூட்டத்தில் இருந்தனர். தோட்டங்களுக்குப் போனவர்களில் பள்ளர், பறையர், சக்கிலியர் என்று அன்றைய பதிவேடுகள் எழுதிய நம் முன்னோர் பெருந்தொகையினர். பிரிட்டிஷ் இந்தியக் கம்பெனி கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்ததும், சுதேசிக் கம்பெனி எட்டணாவுக்கு இறங்கியதும், வெள்ளைக் கம்பெனி இலவசப் பயணத்தோடு குடையும் கொடுத்ததும் பாடநூல்களில் வேடிக்கைச் செய்தியாக வரும். அந்தப் போட்டி முழுவதும் இந்தத் தளப்பயணிகளை இழுப்பதற்காக நடந்தது. ஆனால் பங்குதாரர் பட்டியல் ஜமீன்தார்களாலும் வணிகர்களாலும் நிறைந்தது. கப்பலை நிரப்பிய கூலிகளுக்கு அதில் இடமில்லை. சுதேசியம் அந்தக் கட்டத்தில் முதலாளியின் நிறத்தை மாற்றும் முயற்சியாகவே இருந்தது என்பதை ஒப்புக்கொள்வதால் சிதம்பரனாருக்குக் குறைவு ஒன்றுமில்லை. ஏனெனில் அவர் அங்கே நிற்கவில்லை.

1908இன் தொடக்கத்தில் சுப்பிரமணிய சிவா தூத்துக்குடிக்கு வந்தார். கடற்கரையில் நாள்தோறும் கூட்டம். அதே ஊரில் ஹார்வி நிறுவனத்தாரின் கோரல் ஆலை ஓடிக்கொண்டிருந்தது. கூலி குறைவு, வேலைநேரம் நீளம், வார விடுமுறை கிடையாது, தவறுக்கு அடி உண்டு. சிறு பிள்ளைகளும் இயந்திரங்களுக்கு நடுவே நின்றார்கள். சிதம்பரனாரும் சிவாவும் பத்மநாப ஐயங்காரும் ஆலைத் தொழிலாளரிடம் பேசினர். பிப்ரவரி 27 அன்று வேலைநிறுத்தம் தொடங்கியது. கேட்டவை எளிமையானவை: கூலி உயர்வு, வாராந்தர விடுமுறை, மற்ற விடுமுறைகள். நிர்வாகம் அசையவில்லை. கூட்டம் கூடத் தடை வந்தது. போலீஸ் வந்தது. வெளியே பசி வந்தது. சிதம்பரனார் நிதி திரட்டினார், வேலையிழந்தவர்களுக்கு வேறு இடங்களில் வேலை தேடிக் கொடுத்தார், ஊரார் சோறு போட்டார்கள். மார்ச் முதல் வாரத்தின் இறுதியில் நிர்வாகம் பணிந்தது. கூலி பாதியளவு உயர்ந்தது, ஞாயிறு விடுமுறையானது.

தொழிற்சங்கச் சட்டம் 1926இல்தான் வந்தது. அதற்கு 18 ஆண்டுகளுக்கு முன்பு, சங்கம் என்ற பெயர்கூட இல்லாமல், ஆலைக் கூலிகள் வெள்ளைக்கார முதலாளியை ஒன்பது நாளில் வென்றார்கள். இந்தச் செய்தி மற்ற ஆலைகளுக்கும் கம்பெனிகளுக்கும் பரவாமல் இருக்குமா? கப்பல் கம்பெனியைக் கட்டண யுத்தத்தில் சாய்த்துவிடலாம், அதற்குச் சட்டம் தேவையில்லை. கூலிகள் சேர்ந்து வென்றதைச் சாய்க்கச் சட்டம் தேவைப்பட்டது. வேலைநிறுத்தம் வென்ற ஒரு வாரத்துக்குள் சிதம்பரனார் சிறையில் இருந்தார். இந்தக் கால நெருக்கத்தை எங்களால் தற்செயல் என்று எடுத்துக்கொள்ள முடியவில்லை.

எந்த வழியில் சிறைக்குப் போனார் என்பதும் கவனத்துக்குரியது. தேசத்துரோகப் பிரிவு பிறகுதான் வந்தது. விபின் சந்திர பாலரின் விடுதலையைக் கொண்டாடக் கூடாது என்ற தடையை மீறி மார்ச் 9 அன்று ஊர்வலமும் கூட்டமும் நடந்தன. மாவட்ட ஆட்சியர் விஞ்ச், சிதம்பரனாரையும் தோழர்களையும் திருநெல்வேலிக்கு அழைத்தார். ஊரைவிட்டுப் போக வேண்டும், அரசியலில் ஈடுபடக் கூடாது, அதற்கு நன்னடத்தைப் பிணை கொடுக்க வேண்டும் என்றார். மறுத்தார்கள். மார்ச் 12 அன்று கைது செய்யப்பட்டார்கள். 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 107, 108 பிரிவுகள் இத்தகைய பிணை கேட்கத்தான் எழுதப்பட்டவை.

இந்த 107ஐ எங்கள் ஊர்ப் பக்கம் அறியாத சேரி கிடையாது. கோவில் திருவிழாவில் உரிமை கேட்டால் 107. சுடுகாட்டுப் பாதைக்கு மறியல் செய்தால் 107. செப்டம்பர் 11 நெருங்கினால் இமானுவேல் சேகரன் நினைவிடத்துக்குப் போகக்கூடிய இளைஞர்களுக்கு 107. இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அதற்கு 126 என்று புது எண். குற்றம் எதுவும் நிரூபிக்கப்பட வேண்டாம், அமைதி கெடலாம் என்று நிர்வாக நடுவர் கருதினால் போதும். அடித்தவரையும் அடிபட்டவரையும் ஒரே தாளில் இரு தரப்பு என்று எழுதிப் பிணை கேட்பதை நாங்கள் வாரந்தோறும் பார்க்கிறோம். நூற்பாலை ஒன்றில் பாதியில் நிறுத்தப்பட்ட பெண்களுக்குச் சேர வேண்டிய தொகையைக் கேட்டு வாசலில் உட்கார்ந்த எங்கள் தோழர்கள் ஐந்து பேருக்கு முதலில் வந்த தாளும் அதுதான். அந்த ஆலையின் பெயர் இங்கே தேவையில்லை. சிதம்பரனார் நின்ற வாசலும் பஞ்சாலை வாசல்தான் என்பதை மட்டும் சொல்லி நகர்கிறோம்.

கைதுக்கு மறுநாள் திருநெல்வேலி பற்றி எரிந்தது. கல்லூரி மாணவர்கள் வகுப்பைவிட்டு வெளியேறினர். நகராட்சி அலுவலகம், அஞ்சல் நிலையம், காவல் நிலையம் தாக்கப்பட்டன. போலீஸ் சுட்டதில் நால்வர் இறந்தனர். தூத்துக்குடியில் கோரல் ஆலைத் தொழிலாளர்கள் மீண்டும் வேலையை நிறுத்தினர். இம்முறை கூலிக்காக அல்ல, சிறையில் இருந்த தங்கள் வழக்கறிஞருக்காக. அவர்களோடு குதிரைவண்டிக்காரர்கள், நாவிதர்கள், சலவைத் தொழிலாளர்கள், நகராட்சித் துப்புரவுத் தொழிலாளர்கள் ஆகியோரும் வேலையை நிறுத்தினர். அரசுக்கு ஆதரவாகப் பேசிய ஒரு வக்கீலுக்குப் பாதிச் சவரத்தோடு எழுந்து போன நாவிதரின் கதை இன்றும் சிரிப்புக்காகச் சொல்லப்படுகிறது. சவரம் செய்வதும் துணி வெளுப்பதும் மலம் அள்ளுவதும் சாதியால் சுமத்தப்பட்ட கடமைகளாக இருந்த காலம் அது. மாட்டேன் என்று சொன்னால் ஊர்க்கட்டுப்பாடு முதுகில் விழும். அந்தக் காலத்தில் அவர்கள் மாட்டேன் என்றார்கள். இந்தியாவின் முதல் அரசியல் வேலைநிறுத்தம் என்று வரலாற்றாசிரியர்கள் சொல்வது இதைத்தான். சுடப்பட்ட நால்வருக்கு நம் ஊர்களில் சிலை கிடையாது.

இதன் பிறகுதான் இந்திய தண்டனைச் சட்டத்தின் 124-அ வந்தது. 1870இல் சேர்க்கப்பட்ட பிரிவு அது. அரசின் மீது வெறுப்பையோ அன்பின்மையையோ தூண்டினால் ஆயுள் வரை தண்டனை. அன்பின்மை குற்றம் என்றால் அன்பு கட்டாயம் என்று பொருள். சட்டக்கல்லூரியில் முதன்முதலாக அந்தப் பிரிவைப் படித்தபோது எங்களுக்குச் சிரிப்புத்தான் வந்தது. வழக்கு திருநெல்வேலிக் கூடுதல் அமர்வு நீதிபதி பின்ஹேயின் முன் நடந்தது. சான்றுகள் என்னவென்றால் கடற்கரைப் பேச்சுகள், அவற்றைப் போலீசார் எழுதிவைத்த குறிப்புகள். பேசியது தமிழில், தீர்ப்பானது ஆங்கிலத்தில். கேட்டவர் நினைவிலிருந்து எழுதி, இன்னொருவர் மொழிபெயர்த்து, நீதிபதி படித்துப் பொருள் கண்ட சொற்களுக்காக ஒரு மனிதரின் வாழ்நாள் கணக்கிடப்பட்டது. பாரதியார் எதிர்த்தரப்பில் சாட்சி சொன்னார். பயனில்லை.

1908 ஜூலை 7 அன்று தீர்ப்பு. சிவாவுக்குப் பத்தாண்டுகள். சிதம்பரனாருக்குத் தம் பேச்சுக்காக ஓர் ஆயுள் தண்டனை, சிவாவுக்கு உடந்தையாக இருந்ததற்காக இன்னோர் ஆயுள் தண்டனை. ஆயுள் என்பது 20 ஆண்டுக் கணக்கு என்பதால் மொத்தம் 40 ஆண்டுகள். சிவாவைச் சிதம்பரனாரின் கைக்கருவியாகத்தான் நீதிபதி பார்த்தார். கருவிக்குப் பத்து, கைக்கு நாற்பது. அதே மாதம் 22ஆம் நாள் பம்பாயில் திலகருக்கு அதே 124-அ பிரிவில் கிடைத்தது ஆறு ஆண்டுகள். திலகர் பத்திரிகை நடத்தினார், அவரைப் படித்தவர்கள் வாசித்தனர். சிதம்பரனாரைக் கேட்டவர்கள் ஆலையை நிறுத்தினார்கள். ஆறுக்கும் நாற்பதுக்கும் இடையிலான வேறுபாட்டை எங்களால் இப்படித்தான் புரிந்துகொள்ள முடிகிறது. இந்தியாவுக்கான அமைச்சராக இலண்டனில் இருந்த மார்லியே இத்தண்டனையை ஆதரித்துப் பேச இயலாது என்று வைஸ்ராய்க்கு எழுதினார். சென்னை உயர் நீதிமன்றம் மேல்முறையீட்டில் அதை ஆறு ஆண்டுகளாகக் குறைத்தது. கீழ் நீதிமன்றத் தீர்ப்பைக் கேட்ட அதிர்ச்சியில் மனநிலை குலைந்த தம்பி மீனாட்சிசுந்தரத்துக்கு மேல்முறையீடு இல்லை.

இந்த இடத்தில் நம் மேடைகளில் பேசப்படும் ஒன்றைத் தாண்டிச் செல்ல இயலாது. தூத்துக்குடியில் கப்பல் கம்பெனியையும் வேலைநிறுத்தத்தையும் எதிர்கொண்ட துணை ஆட்சியர் ஆஷ், ஓர் அயர்லாந்துக்காரர். தன் நாடு அடிமைப்பட்டிருக்க, இன்னொரு நாட்டின் கிளர்ச்சியை அடக்கச் சம்பளம் வாங்கியவர். பின்னர் மாவட்ட ஆட்சியரான அவரை 1911 ஜூன் 17 அன்று மணியாச்சி ரயில் நிலையத்தில் வாஞ்சிநாதன் சுட்டுக் கொன்றார். பேறுகால வலியில் துடித்த அருந்ததியப் பெண் ஒருவரை அக்கிரகாரத் தெரு வழியே கொண்டுசெல்லச் செய்ததற்காகவே ஆஷ் கொல்லப்பட்டார் என்ற கதை நம்மிடையே வாய்வழி பரவியிருக்கிறது. வழக்கறிஞர்கள் என்ற முறையில் நாங்கள் செவிவழிச் சான்றை வைத்து வழக்கு நடத்த விரும்பவில்லை. நடத்த வேண்டிய தேவையும் இல்லை. வாஞ்சிநாதன் சட்டைப்பையில் இருந்த கடிதம் கைவசம் இருக்கிறது. சனாதன தர்மத்தைக் காப்பதே நோக்கம் என்பதும், மாட்டிறைச்சி உண்ணும் மன்னரைப் பஞ்சமன் என்ற சொல்லால் இழித்திருப்பதும் அதில் வெளிப்படை. அந்தச் சொல் யாரைக் குறிக்கும் என்பது நமக்குத் தெரியும். ஆகவே வாஞ்சியை நாம் தொழ வேண்டியதில்லை. அதற்காக, ஆலைத் தொழிலாளரின் போராட்டத்துக்கு எதிரே நின்ற ஆஷை நம் காவலராக்கவும் வேண்டியதில்லை. இருவரில் ஒருவரைத் தேர்ந்தாக வேண்டும் என்ற பிடிவாதத்தில் மூன்றாமவர் காணாமல் போகிறார். வேளாளர் வீட்டில் தலித்துக்கு இலை போட்ட அந்த மூன்றாமவர் அப்போது சிறையில் இருந்தார்.

கோவைச் சிறையைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, படமே சொல்லிவிட்டது. மாட்டுக்குப் பதிலாகச் செக்கில் கட்டி வெயிலில் இழுக்கவைத்தார்கள். அந்தச் செக்கு இப்போது சென்னை கிண்டியில் காட்சிக்கு இருக்கிறது. 1910இன் இறுதியில் கண்ணனூர்ச் சிறைக்கு மாற்றினார்கள். உள்ளே இருந்தபோதே கம்பெனி கலைக்கப்பட்டது. கப்பல்கள் விலைபோயின, அதில் ஒன்று எதிர்க் கம்பெனிக்கே போனது.

1912 டிசம்பர் 24 அன்று விடுதலையானபோது வாசலில் திரண்ட கூட்டம் இல்லை. சிவா நின்றார். சிறையில் தொழுநோய் பற்றியிருந்த உடம்போடு நின்றார். பிராமணராகப் பிறந்த சிவாவைப் பின்னாளில் அந்த நோயைக் காட்டி ரயிலில் ஏறவிடவில்லை. ஊர் ஊராக நடந்தும் கட்டைவண்டியிலும் போனார். தீண்டத்தகாத உடல் என்ற ஒன்று எப்படி உண்டாக்கப்படுகிறது என்பதை அவர் வாழ்வின் கடைசியில் அறிந்திருப்பார்.

சிதம்பரனாருக்கு உண்மையான தண்டனை அன்றுதான் தொடங்கியது என்று நாங்கள் கருதுகிறோம். தண்டனை பெற்ற பிளீடரைத் தொழிலிலிருந்து நீக்க 1879ஆம் ஆண்டு வழக்கறிஞர் சட்டம் இடம் தந்தது. சன்னது பறிபோயிற்று. திருநெல்வேலி மாவட்டத்துக்குள் திரும்பவும் தடை. மனைவி மீனாட்சியம்மாளோடும் பிள்ளைகளோடும் சென்னைக்குப் போய் அரிசி விற்றார், மண்ணெண்ணெய் விற்றார். வணிகம் அவருக்கு வரவில்லை. தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் அவருக்காகத் திரட்டிக் காந்தியடிகளிடம் கொடுத்த 347 ரூபாய் 12 அணா வந்து சேர, கடிதத்துக்கு மேல் கடிதம் எழுதிக் காத்திருக்க வேண்டியிருந்தது. தொழில் இல்லாத வழக்கறிஞரின் வீடு எப்படி இருக்கும் என்பது இன்று சிறையில் ஆண்டுக்கணக்கில் கிடந்த சுரேந்திர காட்லிங் போன்ற தலித் வழக்கறிஞர்களின் குடும்பங்களுக்குத் தெரியும். 2018 ஜூன் மாதம் பீமா கோரேகான் வழக்கில் கைதாகும் வரை அவரும் நாகபுரியில் ஏழைகளின் வழக்குகளை நடத்தியவர்தான்.

அந்த வறுமையிலும் சிதம்பரனார் தொழிலாளரை விடவில்லை. திரு.வி.க.வோடு சேர்ந்து சென்னைத் தொழிற்சங்கங்களில் உழைத்தார், அஞ்சல் ஊழியருக்கும் டிராம் ஊழியருக்கும் துணை நின்றார். தமிழும் படித்தார், படிப்பித்தார். பின்னாளில் சிதம்பரம் நந்தனார் மடத்தையும் பள்ளியையும் கட்டியெழுப்பிச் சட்டமன்றத்துக்குச் சென்ற தலித் தலைவர் சுவாமி சகஜானந்தர் அவரிடம் தமிழ் இலக்கணமும் திருக்குறளும் கற்றவர். தேசிகருக்குச் சோறிட்ட கை சகஜானந்தருக்கு ஏடு பிரித்தது என்று எழுத ஆசையாக இருக்கிறது. ஆனால் அதை உபகாரக் கதையாக்கினால் சகஜானந்தர் சிறுத்துவிடுவார். நூற்றாண்டுகளாக மறுக்கப்பட்ட தொல்காப்பியத்தைத் தேடிப் போய்ப் பெற்றவர் அவர்.

1920இல் ஒத்துழையாமைத் திட்டத்தோடு உடன்படாமல் காங்கிரசைவிட்டு விலகினார். நீதிமன்றத்தையும் சட்டமன்றத்தையும் புறக்கணிப்பது ஏழைக்கு உதவாது என்ற எண்ணம் அவருக்கு இருந்திருக்கலாம் என்பது எங்கள் ஊகம். சன்னது பறிக்கப்பட்ட மனிதருக்கு நீதிமன்றப் புறக்கணிப்பு எப்படி ஒலித்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். வகுப்புவாரிப் பிரதிநிதித்துவத்தை ஆதரித்தார், சுயமரியாதை மேடைகளை விலக்கவில்லை. பிராமணரல்லாதார் என்ற சொல்லுக்குள் பறையரும் பள்ளரும் அருந்ததியரும் எங்கே நிற்பார்கள் என்ற கேள்வியை அந்த அரசியல் தீர்க்கவில்லை. அவரும் தீர்க்கவில்லை. சைவப்பற்றும் வேளாள வாழ்க்கையின் பழக்கங்களும் அவரிடம் இறுதிவரை இருந்தன. அம்பேத்கரிடம் எதிர்பார்ப்பதை அவரிடம் எதிர்பார்த்தால் ஏமாற்றமே கிடைக்கும்.

வாலஸ் என்ற ஆங்கிலேய நீதிபதியின் உதவியால் சன்னது திரும்பக் கிடைத்தது. அந்த நன்றிக்காக மகனுக்கு வாலேசுவரன் என்று பெயர் வைத்தார். வெள்ளையரை எதிர்த்துச் செக்கிழுத்தவர் வெள்ளையரின் பெயரைப் பிள்ளைக்கு இட்டதைச் சிலர் முரண் என்பர். தொழில் திரும்பக் கிடைப்பதன் அருமை தெரிந்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். கோவில்பட்டியில் மறுபடி வழக்கு நடத்தினார். பழைய வேகத்துக்கு வருமானம் வரவில்லை. தொல்காப்பிய இளம்பூரணத்தையும் திருக்குறள் மணக்குடவர் உரையையும் பதிப்பிக்கும் வேலையில் கையிலிருந்ததும் கரைந்தது.

அவரைத் தண்டித்த 124-அ அவருக்குப் பிறகும், 1947க்குப் பிறகும், நெடுங்காலம் உயிரோடிருந்தது. அணுவுலையை எதிர்த்த இடிந்தகரை மீனவர்கள் ஆயிரக்கணக்கில் அதில் சேர்க்கப்பட்டனர். மதுக்கடைக்கு எதிராகப் பாடிய பாடகர் கோவன் 2015இல் அதில் கைதானார். 2022 மே 11 அன்று உச்ச நீதிமன்றம் அதை நிறுத்திவைத்தது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் 152 என்ற எண்ணில் வேறு சொற்களோடு திரும்ப வந்திருக்கிறது. சட்ட மாணவர்கள் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும். சிதம்பரனாரின் கடற்கரைப் பேச்சுக்கு இன்று எந்தப் பிரிவு பொருந்தும் என்பது நல்ல தேர்வுக் கேள்வி.

1936 நவம்பர் 18 அன்று தூத்துக்குடியில் சிதம்பரனார் காலமானார். முன்னதாக ஓர் உயில் எழுதி வைத்தார். சொத்துப் பிரிப்பதற்கு எழுதும் உயில் போன்றதன்று அது. அதில் துணிக்கடைக்குக் கொடுக்க வேண்டிய பாக்கியும், எண்ணெய்க் கடைக்குக் கொடுக்க வேண்டிய பாக்கியும் வரிசையாக இருக்கின்றன.